மா றோசாவின் கணக்கு: ஒரு பிலிப்பைன்ஸ் குற்றத் திரைப்படமும் அதன் நாயகியும்

1

குற்றத்தைப் பொருளாகக் கொண்ட கலைப்படைப்புகள் யாவும் ஏதோ ஒரு வகையில் சமூக ஒழுங்கு பற்றிய ஒரு கருத்தை முன்வைப்பனவாகும். துப்பறியும் கதையில் ஒழுங்கு முதலிற் குலைகின்றது. பின்னர் அறிவாற்றல் மிக்க ஒருவனால் அது மீட்கப்படுகின்றது. வாசகன் நிம்மதியுடன் நூலை மூடுகின்றான். இரண்டாம் உலகப் போர் முடிந்த பின்னர், 1946 அளவில், அமெரிக்காவிலிருந்து வந்த சில குற்றப் படங்களைக் கண்ட பிரெஞ்சு விமர்சகர்கள் அவற்றுக்கு 'நுவார்' என்னும் அடைமொழியைச் சூட்டினர். கருமை என்பது அச்சொல்லின் பொருள். இப்படங்களிலே ஒழுங்கு மீட்கப்படுவதில்லை. இரவு, மழை, நகரத்தின் ஒடுங்கிய தெருக்கள், விலைபோன பொலிஸ், தன் வீழ்ச்சியைத் தானே தேடிச் செல்லும் மனிதன் என்பன இவ்வகைப் படங்களின் பொதுப் பண்புகளாயின. எனினும் ஒன்றை இங்கு மனங்கொள்ளல் வேண்டும். அமெரிக்க நுவார் படத்தில் குற்றம் என்பது ஒரு விலகல். சாதாரண வாழ்விலிருந்து ஒருவன் ஆசையாலோ பயத்தாலோ இடறி விழும் பள்ளம். அப்பள்ளத்துக்கு வெளியே சாதாரண வாழ்வு என ஒன்று இருந்துகொண்டேயிருக்கின்றது.

அவ்வாறு வெளியே ஒரு வாழ்வு இல்லாத இடத்தில் இக்கலைவகைக்கு யாது நேரும்? பிலிப்பைன்ஸ் நெறியாளர் பிறிலாந்தே மென்டோசா 2016 இல் உருவாக்கிய 'மா றோசா' என்னும் படத்தை இவ்வினாவின் ஒளியிலேயே நாம் ஆராய வேண்டியுள்ளது. அவ்வாண்டு மே மாதம் கான் திரைப்பட விழாவின் போட்டிப் பிரிவில் இப்படம் காண்பிக்கப்பட்டது. இதில் றோசாவாக நடித்த ஜக்லின் ஹோசே சிறந்த நடிகைக்கான விருதைப் பெற்றார். தென்கிழக்காசிய நடிகை ஒருவர் கான் விழாவில் அவ்விருதைப் பெற்றது அதுவே முதற்றடவை. 2024 மார்ச் 2 ஆந் திகதி அவர் காலமானார். நாற்பது ஆண்டுகளை எட்டிய அவரது நடிப்பு வாழ்வின் உச்சமாக இப்படத்தைப் பலரும் குறிப்பிடுவர். ஆயின் விருதைப் பற்றிய பேச்சு நடிப்பைப் பற்றிய பேச்சாகி விடாது. அந்நடிப்பு யாது, அது இப்படத்திற்கு என்ன செய்கின்றது என்பதே நம் முன்னுள்ள விடயமாகும்.

2

கதை மிகவும் எளிமையானது. மணிலாப் பெருநகரத்தின் வறிய குடியிருப்பொன்றில் றோசா சிறு கடையொன்றை நடத்துகின்றாள். பிலிப்பைன்ஸ் மக்கள் இத்தகைய கடையை 'சாரி-சாரி' என்பர். பலவகைப்பட்டது என்பது அதன் பொருள். வீட்டின் முன்பகுதியே கடை. கடையின் பின்பகுதியே வீடு. கணவன் நெஸ்டர், பிள்ளைகள் நால்வர். சிகரெட், இனிப்பு, உடனடி நூடில்ஸ் ஆகியவற்றோடு, 'ஐஸ்' எனப்படும் போதைப்பொருளையும் அவள் சிறு பொட்டலங்களாக விற்கின்றாள். நெஸ்டரின் பிறந்தநாளன்று மாலை பொலிஸார் வீட்டினுட் புகுந்து கணவனையும் மனைவியையும் கொண்டுசெல்கின்றனர். நிலையத்தின் முன்மண்டபத்தில் அல்லாது, பின்புறத்து அறையொன்றிலே விசாரணை நடக்கின்றது. விசாரணை என்பதை விடப் பேரம் என்பதே பொருந்தும். விடுதலைக்கு விலை 200,000 பெசோ. அது இல்லையெனில், போதைப்பொருளை வழங்கியவன் எவன் என்று காட்டிக்கொடுக்க வேண்டும். றோசா ஜோமார் என்பவனின் பெயரைச் சொல்கின்றாள். அவன் பிடிபடுகின்றான், அவனிடமிருந்த பணம் பொலிஸாரின் கைக்கு மாறுகின்றது. அதன் பின்னரும் 50,000 பெசோ குறைகின்றது. அதனைத் தேடிப் பிள்ளைகள் நகரெங்கும் அலைகின்றனர். கதை இவ்வளவே.

இக்கதையில் மர்மம் எதுவுமில்லை. குற்றவாளி யார் என்பது முதலிலேயே தெரிந்துவிடுகின்றது. துப்பறிபவன் என எவனும் இல்லை. ஆயினும் படம் பார்ப்பவன் மூச்சை அடக்கிக்கொண்டு இருக்க நேர்கின்றது. காரணம், மர்மத்தின் இடத்தைக் கணக்கு எடுத்துக்கொள்கின்றது என்பதே. இன்னும் எவ்வளவு குறைகின்றது, விடிவதற்குள் அது சேருமா என்னும் வினாவே படத்தை முன்னெடுத்துச் செல்கின்றது. பண்டைய அவலநாடகத்தில் விதி வகித்த இடத்தை இங்கே ஒரு தொகை வகிக்கின்றது.

இக்கணக்கு பொலிஸ் நிலையத்திலே தொடங்குவதன்று என்பதே மென்டோசாவின் நுண்மையான அவதானம். படத்தின் தொடக்கத்தில் றோசா பெரிய அங்காடியொன்றிற் கடைக்கான பொருட்களை வாங்குகின்றாள். மீதிச் சில்லறைக்குப் பதிலாகக் காசாளர் இனிப்பைக் கொடுக்கின்றாள். றோசா அதனை ஏற்கவில்லை. தனக்குரிய நாணயத்தைக் கேட்கின்றாள். முதற் பார்வைக்கு இது ஒரு நகைச்சுவைத் துணுக்குப் போலத் தோன்றும். ஆனால் முழுப் படமும் இக்காட்சியில் அடங்கியுள்ளது எனலாம். பெரிய கடை சிறிய மனிதரிடமிருந்து ஒரு சிறு தொகையை எடுத்துக்கொள்கின்றது. பதிலுக்கு இனிப்பு என்ற பெயரில் ஒன்றைத் தருகின்றது. கேட்பதற்கு வாய் உள்ளவளுக்கே அவளது பணம் கிடைக்கும். பின்னர் பொலிஸ் நிலையத்தின் பின்னறையில் இதே கொடுக்கல் வாங்கல் பேருருவம் கொண்டு எதிர்ப்படுகின்றது. அங்கு நாணயத்தைக் கேட்பதற்கு அவளுக்கு வாயில்லை.

பிலிப்பைன்ஸ் வறியோரின் நுகர்வு முறையைத் 'திங்கி' என்னும் சொல்லாற் குறிப்பர். முழுப் பெட்டியன்றி ஒரு சிகரெட், முழுப் போத்தலன்றி ஒரு நேரத்துக்குரிய எண்ணெய், ஒரு முழுக்குக்குப் போதுமான சவர்க்காரப் பொட்டலம் என, கையிலுள்ள காசுக்கு ஏற்பப் பிரித்து வாங்குதலே திங்கி. நாட்கூலியைக் கொண்டு வாழ்வோருக்கு வேறு வழியில்லை; அதனாலேயே அவர்கள் ஒவ்வொரு பொருளுக்கும் செல்வந்தரை விடக் கூடிய விலையைச் செலுத்துகின்றனர். றோசாவின் கடையில் ஐஸ் போதைப்பொருளும் திங்கியாகவே விற்பனையாகின்றது. இனிப்புக்கும் அதற்குமிடையே விற்பவளின் முகத்தில் எவ்வித வேறுபாடும் தென்படுவதில்லை. ஒழுக்கவியலாளனுக்கு இது அதிர்ச்சியைத் தரலாம். ஆயின் அவளைப் பொறுத்தவரையில் இது கடையின் இன்னொரு சரக்கு. மாத முடிவில் மற்றையவற்றை விடச் சற்றுக் கூடுதலாக மிஞ்சும் சரக்கு. குற்றம் இங்கே சாதாரண வாழ்விலிருந்து விலகிய ஒன்றன்று. சாதாரண வாழ்வின் வரவு செலவில் ஒரு வரி. நுவார் என்னும் கலைவகை மணிலாவின் வறுமைக்குள் வந்து சேர்ந்தபோது அதற்கு நேர்ந்த மாற்றம் இதுவேயாகும்.

காட்டிக்கொடுத்தலும் இப்படியே. றோசா காட்டிக்கொடுக்கப்பட்டாள், அவள் ஜோமாரைக் காட்டிக்கொடுத்தாள். பிடிபட்ட ஒருவருக்குப் பதிலாக இன்னொருவரைப் பிடித்துக்கொள்ளும் பொலிஸ் வழக்கத்திற்குத் தகாலொக் மொழியில் ஒரு பெயரே உண்டு: 'பாலித்-உலோ', அதாவது தலைமாற்று. ஒரு சமூகத்தில் ஒரு கொடுமைக்குப் பேச்சுவழக்கிலே பெயர் தோன்றிவிட்டதெனில், அது விதிவிலக்கு என்ற நிலையைக் கடந்து வழமையாகிவிட்டது என்பது பெறப்படும். நண்பனைக் காட்டிக்கொடுத்தல் என்ற பெரும் அறப்பிரச்சினை இங்கே ஒரு பண்டமாற்றாகச் சுருங்கிவிடுகின்றது. அவ்வாறு சுருங்கியமையே படத்தின் உண்மையான பயங்கரம்.

3

இத்தகைய படத்தில் நாயகியாக நடிப்பவருக்குப் பெரும் இடர்ப்பாடு ஒன்றுண்டு. பார்வையாளன் அவள்மீது இரக்கங்கொள்ளக் காத்திருக்கின்றான். நான்கு பிள்ளைகளின் தாய், வறியவள், பொலிஸாரின் கையிற் சிக்கியவள் என்ற மூன்றும் சேர்ந்தால், கண்ணீர் வரவழைப்பதற்கு நடிகை அதிகம் முயல வேண்டியதில்லை. ஜக்லின் ஹோசே அந்த எளிய வழியை முற்றாகத் தவிர்த்து விடுகின்றார். படத்தின் கடைசிக் கணம் வரை றோசா தன்னைப் பற்றி இரக்கப்பட நேரமற்றவளாகவே இருக்கின்றாள். அவளது கண்கள் எப்பொழுதும் எதையோ அளந்துகொண்டிருக்கின்றன: எதிரே நிற்பவன் எவ்வளவுக்கு இணங்குவான், எந்தப் பெயரைச் சொன்னால் எது நேரும், கணவனைப் பேசவிடலாமா கூடாதா. நெஸ்டர் கலங்கி நிற்கும் இடங்களிற் பேச்சை ஏற்பவள் அவளே. அச்சம் இல்லாமலில்லை, ஆனால் அச்சத்தைக் காட்டுவது விலையை உயர்த்திவிடும் என்பதை அறிந்த வியாபாரியின் முகம் அது.

ஜக்லின் ஹோசேயின் குரலைப் பற்றி இங்கே கூறுதல் வேண்டும். ஏற்ற இறக்கமற்ற, ஓரளவு சலிப்புற்றது போன்ற உச்சரிப்பு அவருக்கே உரியது. பிலிப்பைன்ஸ் ரசிகர்கள் அதனை நன்கறிவர். நகைச்சுவைக்காக அதனைப் போலச் செய்தோரும் உளர். உரத்த குரலும் பெருக்கெடுக்கும் கண்ணீரும் சிறந்த நடிப்பின் அடையாளங்களாகப் போற்றப்பட்ட திரைமரபொன்றில் அவர் தொடக்கத்திலிருந்தே எதிர்த்திசையில் நடந்தவர். 1980களின் நடுப்பகுதியில் திரைக்கு வந்த அவர், 'வைற் ஸ்லேவரி' (1985), 'மாச்சோ டான்சர்' (1988) ஆகிய படங்களில் லினோ புறொக்காவின் நெறியாள்கையில் நடித்தவர். 'தகாவ் துக்சோ' (1986) போன்ற படங்களில், ஆசையும் அடைபட்ட வாழ்வும் மோதும் பாத்திரங்களை ஏற்றவர். பின்னர் தொலைக்காட்சித் தொடர்களில் தாயாகவும் வில்லியாகவும் நீண்டகாலம் உழைத்தவர். மென்டோசாவின் 'சேர்பிஸ்' (2008) படத்திலும் அவர் இடம்பெற்றிருந்தார். ஆகவே றோசாவின் அடங்கிய முகம் ஒரு படத்திற்கென ஒரு மாதத்திற் பழகியெடுத்ததன்று. மூன்று தசாப்தத் தொழிலின் விளைவாகும்.

படத்தின் பிற்பகுதியில் இன்னொரு வியப்பைக் காண்கின்றோம். நாயகி பெரும்பாலும் திரையில் இல்லை. பிள்ளைகளின் அலைச்சலையே கமெரா பின்தொடர்கின்றது. ஒருவன் வீட்டுத் தொலைக்காட்சிப் பெட்டியை விற்பதற்குத் தூக்கித் திரிகின்றான். ஒருவன் தன் உடலை விற்கின்றான். மகள் றக்குவேல், உறவு முறிந்த சொந்தக்காரர் வீட்டு வாசலில் நின்று ஏச்சையும் பணத்தையும் ஒன்றாகப் பெறுகின்றாள். ஜக்லின் ஹோசேயின் சொந்த மகளான அன்டி ஐகன்மனே றக்குவேலாக நடித்துள்ளார். இக்காட்சிகளில் தாய் இல்லை. ஆயினும் பிள்ளைகள் ஒவ்வொருவரும் பணம் கேட்கும் முறையில், அவமானத்தை விழுங்கிக்கொண்டு தொகையை எண்ணிப் பார்க்கும் முறையில், அவளே இருக்கின்றாள். அவள் வளர்த்த பிள்ளைகள் இவர்கள் என்பது வசனமின்றியே விளங்குகின்றது. முதற் பாதியில் அவள் அடங்கிய தொனியில் நடித்திராவிட்டால் இந்த ஒற்றுமை தோன்றியிராது. திரையில் இல்லாத வேளையிலும் படத்தைத் தன் பிடியில் வைத்திருக்கும் நடிப்பு என இதனைக் கூறலாம்.

இறுதியில், குறைகின்ற சிறு தொகைக்காகக் கைத்தொலைபேசியொன்றை அடகு வைக்க றோசாவையே வெளியே விடுகின்றனர். திரும்பும் வழியில் பசி. தெருவோரத்தில் குச்சியிற் கோத்த உருண்டைகளை வாங்கி உண்கின்றாள். எதிரே ஒரு குடும்பம் தமது சிறு கடையை இரவுக்காக மூடிக்கொண்டிருக்கின்றது. அவள் பார்க்கின்றாள், மெல்லுகின்றாள், கண்கள் நிறைகின்றன. படம் முடிகின்றது. அவள் அழுகின்றாள் என்று மட்டும் கூறினால் இக்காட்சியைக் கூறியதாகாது. உண்பதை அவள் நிறுத்தவில்லை என்பதே இதிலுள்ள முக்கியம். துயரம் பசியை விலக்கவில்லை. பசி துயரத்தை விலக்கவில்லை. இரண்டும் ஒரே வாயில், ஒரே முகத்தில், ஒரே நேரத்தில் நிகழ்கின்றன. கணக்குப் பார்ப்பதற்கு இனி எதுவுமில்லாத முதற் கணத்திலேயே அவளுக்குக் கண்ணீர் வருகின்றது. அதுவரை அவளுக்கு அதற்கு வசதியிருக்கவில்லை.

4

இனி, இப்படத்தின் மீது வைக்கப்படும், வைக்கப்பட வேண்டிய கண்டனங்களை நோக்குவோம்.

முதலாவது, வறுமையை ஏற்றுமதிப் பொருளாக்குதல் என்ற குற்றச்சாட்டு. ஐரோப்பிய விழாக்களிற் பரிசு பெறும் பிலிப்பைன்ஸ் படங்கள் யாவும் சேரிகளையும் சாக்கடைகளையுமே காட்டுகின்றன என்பது அந்நாட்டிலேயே நெடுங்காலமாகக் கேட்கும் முறைப்பாடு. இம்முறைப்பாட்டுக்கு ஒரு வரலாறு உண்டு. 1972 இல் மார்க்கோஸ் இராணுவச் சட்டத்தைப் பிரகடனம் செய்த பின்னர், நாட்டின் அழகிய தோற்றத்தையே கலை காட்ட வேண்டுமென அவரது ஆட்சி விரும்பியது. அக்காலத்திலேயே லினோ புறொக்கா மணிலாவின் தொண்டோச் சேரியில் 'இன்சியாங்' (1976) என்ற படத்தை எடுத்தார். 1978 இல் அது கான் விழாவில் நெறியாளர்களுக்கான இருவாரப் பிரிவிற் காண்பிக்கப்பட்டது. ஆகவே, சேரியைக் காட்டுதல் என்பது தன்னளவில் நாட்டைத் தாழ்த்துவது என்ற வாதம் எங்கிருந்து புறப்பட்டதென்பதை நாம் மறத்தலாகாது. அவ்வாதம் பெரும்பாலும் சேரியில் வாழ்வோரின் வாயிலிருந்து வந்ததன்று.

எனினும் அக்கண்டனத்தை அத்துடன் தள்ளிவிடவும் இயலாது. புறொக்காவையும் மென்டோசாவையும் ஒப்பிட்டு நோக்கினால் உண்மையான வேறுபாடொன்று புலப்படும். 'இன்சியாங்'கில் ஹில்டா கொரொனெல் ஏற்ற பாத்திரம், தாயின் காதலன் டாடோவினால் பலாத்காரத்துக்கு உள்ளாகின்றது. தாய் மகளையே பழிக்கின்றாள். நம்பிய காதலன் கைவிடுகின்றான். அதன் பின்னர் இன்சியாங் மாறுகின்றாள். டாடோவைக் கொண்டே காதலனைத் தண்டிக்கின்றாள். தாயின் பொறாமையைத் தூண்டி டாடோவைக் கொல்லச் செய்கின்றாள். அமெரிக்க நுவார் படத்தில் ஆணை அழிக்கும் அழகி எங்கிருந்தோ வருபவள். புறொக்கா அத்தகையவள் எவ்வாறு உருவாக்கப்படுகின்றாள் என்பதைப் படிப்படியாகக் காட்டினார். கொரொனெலின் முகம் படத்தின் தொடக்கத்தில் இருந்தது போல் முடிவில் இல்லை. அங்கே ஒரு செயல் உண்டு. அச்செயலுக்கு விலையும் உண்டு.

'மா றோசா'வில் அத்தகைய மாற்றம் நிகழ்வதில்லை. தொடக்கத்திலும் முடிவிலும் றோசா ஒரே உலகில், ஒரே அறிவுடன் நிற்கின்றாள். அடுத்த நாள் அவள் மீண்டும் கடையைத் திறப்பாள் என்றே நாம் எண்ணுகின்றோம். ஹங்கேரிய விமர்சகர் லூக்காக்ஸ் 1936 இல் எழுதிய கட்டுரையொன்றில் எடுத்துரைத்தலுக்கும் விவரித்தலுக்கும் இடையே வேறுபாடு கண்டார். மனிதர் தம் செயலால் உலகோடு மோதுவதைக் காட்டுவது யதார்த்தவாதம். சூழலின் விவரங்களைக் குவித்து மனிதரை அவற்றுள் ஒரு பொருளாக வைப்பது இயற்பண்புவாதம் என அவ்வேறுபாட்டை நாம் சுருக்கிக் கொள்ளலாம். மென்டோசாவின் முறை பெருமளவுக்கு இயற்பண்புவாதத்தின்பாற்பட்டதே. கையில் ஏந்திய கமெரா, தெருவின் இரைச்சல், மழைநீர் தேங்கிய ஒழுங்கைகள், எவரையும் நிதானமாக நோக்கவிடாத அவசரம் ஆகியன நம்மை அங்கு கொண்டு நிறுத்துகின்றன. ஆனால் அங்கிருந்து விலகி நின்று சிந்திப்பதற்கு இடந்தருவதில்லை. பொலிஸ் நிலையத்துக்கு மேலேயுள்ள அதிகாரப் படிகள் திரையில் உருப்பெறுவதில்லை. கைப்பற்றிய பணத்திற் கோழியும் பியரும் வாங்கி உண்ணும் பொலிஸாரை நாம் வெறுக்கின்றோம்; அவர்களை அவ்வாறாக்கிய பொறியமைப்பை நாம் அறிவதில்லை.

5

இக்குறைபாடு வெறும் அழகியற் குறைபாடன்று என்பதை அதன் பின்னர் நிகழ்ந்தவை காட்டின. 2016 மே 9 இல் நடந்த தேர்தலில் றொட்றிகோ டுட்டேர்ட்டே பிலிப்பைன்ஸின் ஜனாதிபதியாகத் தெரிவானார். அதிலிருந்து இரு வாரங்களுள் ஜக்லின் ஹோசே கானில் விருதைப் பெற்றார். யூன் 30 இல் டுட்டேர்ட்டே பதவியேற்றார். 'போதைப்பொருளுக்கு எதிரான போர்' தொடங்கியது. றோசாவைப் போன்ற சில்லறை விற்பனையாளரும் நெஸ்டரைப் போன்ற பாவனையாளரும் அப்போரின் இலக்குகளாயினர். பொலிஸ் நடவடிக்கைகளிற் கொல்லப்பட்டோர் தொகை அரச கணக்கின்படியே 6,000 இற்கு மேற்பட்டது. மனித உரிமை அமைப்புகள் அதனிலும் பன்மடங்கு கூடிய எண்ணிக்கையை மதிப்பிட்டன. 2025 மார்ச்சில் டுட்டேர்ட்டே, சர்வதேசக் குற்றவியல் நீதிமன்றத்தின் பிடியாணையின் பேரிற் கைதுசெய்யப்பட்டு ஹேக் நகருக்குக் கொண்டுசெல்லப்பட்டார்.

இப்படத்தின் நெறியாளரோ 2016 யூலையிலும் அடுத்த ஆண்டிலும் ஜனாதிபதி டுட்டேர்ட்டேயின் நாட்டு நிலை பற்றிய உரை நிகழ்வைத் தாமே நெறிப்படுத்தினார். அவர் உருவாக்கிய 'அமோ' என்ற தொடர் போதைப்பொருட் போரை நியாயப்படுத்துகின்றதெனக் கண்டனத்துக்குள்ளாயிற்று. பொலிஸின் ஊழலை இவ்வளவு துல்லியமாகக் காட்டிய ஒருவர், அதே பொலிஸிடம் கொலை அதிகாரத்தை வழங்கிய ஆட்சிக்கு அணுக்கமாக நின்றது எவ்வாறு? இதனைத் தனிமனித முரண்பாடு என்று கூறி ஒதுக்கிவிடலாம். ஆயின் படத்தினுள்ளேயே அதற்கான வாயில் திறந்திருந்தது என்பதே எமது கருத்தாகும். சூழல் எங்கும் அழுகியுள்ளது, ஆனால் அது அழுகிய காரணம் புலப்படவில்லை எனில், பார்வையாளன் இரு முடிவுகளில் எதற்கும் வரலாம். இம்மக்கள் வாழும் வாழ்வை மாற்ற வேண்டும் என்பது ஒன்று. இவை யாவற்றையும் துடைத்தெறிய வல்ல வலிய கையொன்று வேண்டும் என்பது மற்றொன்று. இயற்பண்புவாதம் இவ்விரண்டுக்குமிடையே தீர்ப்புக் கூறுவதில்லை. தீர்ப்புக் கூறாமையை நடுநிலை என்று அது பெருமையுடன் சொல்லிக்கொள்வதுமுண்டு.

புறொக்காவின் வாழ்வு இவ்விடத்தில் நினைவுக்கு வருவது இயல்பே. அவர் மார்க்கோஸ் ஆட்சியின் தணிக்கையை எதிர்த்து வெளிப்படையாகப் போராடினார். 1985 இல் ஜீப்னி சாரதிகளின் வேலைநிறுத்தத்துக்கு ஆதரவளித்தமைக்காகச் சிறையிலிடப்பட்டார். ஆனால் நல்ல அரசியல் நல்ல கலையைத் தானாகத் தந்துவிடாது. தவறான அரசியல் கலையைத் தானாக அழித்துவிடவும் மாட்டாது. ஏங்கெல்ஸ் 1888 இல் மார்கரெட் ஹார்க்னஸுக்கு எழுதிய கடிதத்தில், முடியாட்சியின் ஆதரவாளரான பல்சாக் தம் சொந்த அரசியற் சார்புக்கு மாறாகவே தம் காலத்தின் உண்மையைக் காட்ட நேர்ந்ததை யதார்த்தவாதத்தின் வெற்றிகளுள் ஒன்றெனக் குறிப்பிட்டமை இலக்கிய மாணவர் அறிந்ததே. அவ்வளவுகோலை 'மா றோசா'வுக்கும் பொருத்திப் பார்க்கலாம். பல்சாக்கின் விடயத்தில் அவ்வெற்றியைத் தேடித் தந்தது அவரது எழுதுகோல். இங்கே அதனைத் தேடித் தந்தது நெறியாளரின் கமெரா என்பதை விட, அதன் முன் நின்ற நடிகையின் முகம் என்பதே பொருந்தும்.

இதனைச் சற்று விளக்க வேண்டும். போதைப்பொருட் போருக்கு ஒரு முன்நிபந்தனை தேவைப்பட்டது. விற்பவரும் பாவிப்பவரும் மனிதர் என்ற நிலையிலிருந்து இறக்கப்பட்டு, பெயரற்ற ஒரு கூட்டமாக மக்கள் மனத்தில் நிறுத்தப்படல் வேண்டும். கூட்டத்தைக் கொல்வது எளிது; ஒருத்தியைக் கொல்வது கடினம். ஜக்லின் ஹோசே செய்தது, அந்தக் கூட்டத்திலிருந்து ஒருத்தியைப் பிரித்தெடுத்து, நாம் மறக்க முடியாத ஒருத்தியாக்கியதே. அவளை அவர் புனிதையாக்கவில்லை, குற்றமற்றவளாகவும் காட்டவில்லை. றோசா விற்கின்றாள், பொய் சொல்கின்றாள், தன்னைக் காப்பாற்ற இன்னொருவனைக் காட்டிக்கொடுக்கின்றாள். இவை யாவற்றையும் அறிந்த பின்னரும், குச்சியிலுள்ள உருண்டையை மென்றபடி கலங்கும் அம்முகத்தைக் கண்டவன், அவளை ஒரு எண்ணாக எண்ணுதல் இயலாது. குற்றமற்றவர்மீது இரக்கங்கொள்ளுமாறு கேட்கும் கலை எளிது. குற்றம் புரிந்தவளின் உயிருக்கும் மதிப்புண்டு என்று உணரச் செய்யும் கலை அரிது. அவள் பேசிய சொற்களால் அன்று, பேசாதிருந்தமையாலேயே இது நிறைவேறியது.

படத்தின் பெயரையும் இவ்வாறே விளங்கிக்கொள்ளலாம். 'மா' என்பது அம்மா என்பதன் சுருக்கம். அயலவர் அவளை அவ்வாறு அழைக்கின்றனர். கடனுக்குப் பொருள் வாங்குபவனும் போதைப்பொருள் வாங்குபவனும் அவளை அம்மா என்கின்றனர். அவ்வழைப்பில் உறவும் உண்டு, வியாபாரமும் உண்டு. எது எங்கே முடிகின்றது என்று பிரித்துக் கூற இயலாது. பிரிக்க இயலாத அந்த இடத்திலேயே நடிகை கால் ஊன்றி நின்றார்.

6

கூறியவற்றைத் தொகுத்து நோக்குவோம். 'மா றோசா' நுவார் என்னும் கலைவகையை வறுமையின் நாளாந்தக் கணக்கினுள் கொணர்ந்து, குற்றத்துக்கும் பிழைப்புக்கும் இடையிலான எல்லை அழிந்துவிட்ட ஓர் உலகை உண்மையாகக் காட்டியது. அது அதன் வலிமை. அவ்வுலகின் காரண காரியத் தொடர்பை ஒரு பொலிஸ் நிலையத்தின் அளவிலேயே நிறுத்திக்கொண்டது. அது அதன் பலவீனம். அப்பலவீனத்தின் அரசியல் விளைவு எத்தகையது என்பதற்குப் பின்வந்த ஆண்டுகள் சாட்சி. எனினும் படைப்பு என்பது நெறியாளர் ஒருவரின் கருத்தோடு முடிந்துவிடும் ஒன்றன்று. அதிற் பங்குகொண்ட கலைஞர் ஒவ்வொருவரும் அதற்குத் தத்தம் அறிவை வழங்குகின்றனர். சில வேளைகளில் அவ்வறிவு நெறியாளரின் அறிவை மீறிச் செல்கின்றது.

நமது திரைப்பட விமர்சனம் பெரும்பாலும் நெறியாளரையே படைப்பாளியாகக் கொண்டு, நடிப்பை அழகு, உணர்ச்சி என்னும் இரு சொற்களுள் அடக்கிவிடுகின்றது. நடிப்பும் ஒரு சிந்தனை முறையே; சமூகத்தைப் பற்றிய ஒரு கருத்தை உடலாலும் குரலாலும் முன்வைக்கும் முறை. ஜக்லின் ஹோசேயின் றோசா அதற்குத் தக்க சான்று. அங்காடியில் தன் மீதிச் சில்லறையைக் கேட்டு நின்ற பெண்ணை, அச்சில்லறையின் பெறுமதியைக் கொண்டு அளவிடலாகாது என்பதே அந்நடிப்பு நமக்கு உணர்த்தும் கருத்தாகும்.